மூன்றாம் லைனில் செய்யப்பட்டது

1

இந்தக் கதையை எழுதச் சொன்னவர் செசிலியா. மலேசியாவின் கூலாய் நகரக் காலைச் சந்தையில், ஒரு கையில் கீரைக்கட்டும் இன்னொரு கையில் மீன் பையுமாக நின்றுகொண்டு கேட்டார்.

"அண்ணே, நீங்கதான் பேப்பர்ல கதையெல்லாம் எழுதுறீங்களே, நம்ம கம்பெனியப் பத்தி ஏன் எழுதல?"

"எழுதலாம், எழுதலாம்" என்று நழுவி வந்துவிட்டேன். அது நடந்து ஆறு மாதம். இதுவரை ஏழு தொடக்கங்கள் எழுதிப் பார்த்திருக்கிறேன். மூன்றை மட்டும் காட்டுகிறேன்.

"உலகத் தொழிற்சாலைகள் ஒவ்வொன்றாக இடம் மாறிக்கொண்டிருக்கும் இக்காலத்தில், ஏற்றுமதியை நம்பி வாழும் ஒரு சிறிய நாட்டின் தென்கோடியில்…" (இது கட்டுரை. மூன்றாவது வரியிலேயே எனக்குக் கொட்டாவி வந்துவிட்டது.)

"அன்று செனாய் வானம் சாம்பல் பூத்து…" (பொய். செனாயில் இருக்கும் எங்கள் தொழிற்சாலைக்குள் ஜன்னலே கிடையாது. அன்று வானம் எப்படி இருந்தது என்று எனக்குத் தெரியாது.)

"மூன்றாம் லைனில் ஹேர் டிரையர் செய்தார்கள்." இதை வைத்துக்கொள்கிறேன். இதில் பொய் இல்லை.

2

மூன்றாம் லைனில் ஹேர் டிரையர் செய்தார்கள். முதல் இரண்டு உற்பத்தி லைன்களில் மின்விசிறி மோட்டார். அது வேறு நாட்டுக்குப் போகும், இந்தக் கதைக்குத் தேவையில்லை. ஹேர் டிரையர் முழுவதும் அமெரிக்காவுக்கு. அறுபத்திரண்டு பேர் வேலை பார்த்தார்கள். பாதிப்பேர் நேப்பாளத்திலிருந்து வந்தவர்கள். மீதிப்பேர் கூலாய், உலு திராம் பக்கத்துப் பெண்கள். அவர்களில் யார் வீட்டிலும் ஹேர் டிரையர் இருந்ததாக எனக்கு நினைவில்லை. இந்த ஊர்ச் சூட்டில் தலை தானாகவே காய்ந்துவிடும்.

செசிலியா அந்த லைனின் கியூ.சி., அதாவது தரம் பார்ப்பவர். பதினேழு வருட சர்வீஸ். பெட்டிக்கு ஒன்று எடுத்து, ஓடவிட்டு, காதருகே வைத்துக் கேட்பார். சத்தம் பிடிக்கவில்லை என்றால் பெட்டியோடு திருப்பி அனுப்பிவிடுவார். லைனில் திட்டுவார்கள். அவர் கண்டுகொள்ள மாட்டார்.

எங்கள் மேனேஜர் கனகராஜ். பெக்கோக் பக்கம் ஒரு ரப்பர் தோட்டத்தில் பிறந்து, இங்கே லைனில் நின்று, சூப்பர்வைசராகி, மேலே போனவர். எங்களோடு உட்கார்ந்து சாப்பிடுவார். அவரை வில்லனாக எழுதிப் பார்த்தேன். மீசையைக்கூட முறுக்கிவிட்டேன். ஒட்டவில்லை. அவருக்கு மீசையே இல்லை.

நான் ஷிப்பிங். எந்தப் பொருள், எந்த நாட்டுக்கு, எத்தனை பெட்டி என்று காகிதம் தயாரித்து, கண்டெய்னரைப் பாசிர் கூடாங் துறைமுகத்துக்கு அனுப்பிவைக்கும் வேலை. கதையில் என் பெயர் சதாசிவம்.

(யாராவது விசாரித்துக்கொண்டு வந்தால்: இது கதை. நாங்கள் ஹேர் டிரையர் செய்யவில்லை, செய்தது வேறு பொருள். என் பெயரும் சதாசிவம் இல்லை.)

3

போன வருடம் அமெரிக்கா வரியை ஏற்றியும் மாற்றியும் அறிவித்துக்கொண்டிருந்தது. அங்கே ஒருவர் பேசினால் இங்கே எங்கள் ஓவர்டைம் நின்றது. முதலில் சனிக்கிழமை வேலை போனது. பிறகு ஆர்டர் பாதியானது. ஜூன் மாதம் மூன்றாம் லைன் இரண்டு வாரம் சும்மா நின்றது. நேப்பாளத்துப் பையன்கள் தரையைக் கழுவினார்கள். மறுநாள் கழுவின தரையையே மறுபடியும் கழுவினார்கள்.

ஜூலையில் ஒரு கண்டெய்னர் உள்ளே வந்தது. எங்களிடமிருந்து கண்டெய்னர் வெளியே போவதுதான் வழக்கம். திறந்தால், முழுதாகச் செய்து முடித்த ஹேர் டிரையர்கள். முதலாளிக்கு இன்னொரு நாட்டிலும் ஒரு தொழிற்சாலை இருக்கிறது. அந்த நாட்டுப் பொருளுக்கு அமெரிக்காவில் எங்களைவிட அதிக வரி.

(நாட்டின் பெயரைச் சொல்ல மாட்டேன். அங்கேயும் அறுபத்திரண்டு பேர் இருப்பார்கள்.)

மூன்றாம் லைனுக்கு வேலை திரும்பி வந்தது. பழைய ஸ்டிக்கரை உரித்து 'மேட் இன் மலேசியா' ஸ்டிக்கரை ஒட்டி, புதுப் பெட்டியில் போடும் வேலை. பழைய ஸ்டிக்கர் லேசில் வரவில்லை. ஷர்மினி என்ற பெண்தான் வழி கண்டுபிடித்தார். பெட்டியிலிருந்து ஒரு ஹேர் டிரையரை எடுத்து ஓடவிட்டு, அந்தச் சூட்டில் ஸ்டிக்கரை இளக்கி உரித்தார்.

"அலமாக்! பத்து வருசமா செய்றோம். இது எதுக்கு ஒதவும்னு இப்பத்தான் தெரியுது."

லைன் முழுக்கச் சிரித்தது. செசிலியாவும் சிரித்தார். மாதக்கணக்கில் யாரும் அங்கே சிரித்திருக்கவில்லை.

4

பொருள் எந்த நாட்டில் செய்யப்பட்டது என்பதற்குச் சான்றிதழ் வாங்க வேண்டும். அதற்கு இணைக்கும் காகிதங்களில் ஒன்று, 'இந்தப் பொருள் மூன்றாம் லைனில் செய்யப்பட்டு என்னால் சோதிக்கப்பட்டது' என்று சொல்லும். கீழே கியூ.சி. கையெழுத்து. அந்தக் காகிதத்தைத் தயாரித்து, கனகராஜ் அறைக்கு எடுத்துப் போனது நான். செசிலியாவைக் கூப்பிட்டிருந்தார்கள். அவர் படித்தார். மறுபடி படித்தார்.

"சாமான் நல்ல சாமான், செசிலியா" என்றார் கனகராஜ். "நீங்களே டெஸ்ட் பண்ணிட்டீங்க. ஒன்னுகூட ரிஜெக்ட் இல்ல."

"சாமான் நல்லாத்தான் இருக்கு, பாஸ். ஆனா இங்க செஞ்சதுன்னு போட்டிருக்கே?"

"பாக்ஸு இங்கதானே மாத்துனோம்."

"பாக்ஸு மாத்துனோம்னு எழுதுங்க. சைன் பண்றேன்."

கனகராஜ் கண்ணாடியைக் கழற்றி முகத்தைத் துடைத்துக்கொண்டார். "இது போகலன்னா லைன மூடச் சொல்லிட்டாங்க. அறுபத்திரண்டு பேரு. ஷர்மினி போன மாசந்தான் புது வீட்டுக்குப் போச்சு. அந்த நேப்பாளத்துப் பசங்க எங்க போவானுங்க? நானா இந்த வரியெல்லாம் போட்டேன்? சொல்லுங்க."

"தெரியும், பாஸ். அந்த லிஸ்ட்ல நானும் இருக்கேன்."

"அப்பறம் என்னா?"

"என்னால முடியல, பாஸ்."

முதல் வரைவில் இந்த இடத்தில் செசிலியாவை ஒன்றரைப் பக்கம் பேச வைத்திருந்தேன். உண்மை, உழைப்பு, மனச்சாட்சி எல்லாம் வந்தன. "அவர் கண்களில் நெருப்பு…" என்றுகூட ஒரு வரி. அடித்துவிட்டேன். அவர் பேனாவை மேசைமேல் வைத்துவிட்டுப் போனார். கதவை மெதுவாகத்தான் சாத்தினார்.

5

அடுத்த பகுதியை இப்படி எழுதியிருந்தேன்: "உதவி கியூ.சி. ஜோனதன் உள்ளே அழைக்கப்பட்டான். அவனுடைய அம்மா மருத்துவமனையில்…"

ஜோனதனுக்காக நான்கு பக்கம் செலவழித்தேன். அம்மாவுக்குச் சிறுநீரகக் கோளாறு வைத்தேன். அவனுக்குக் கல்யாணம் நிச்சயமாகியிருந்தது. அவன் கையெழுத்துப் போடும்போது வாசகர் அவனை மன்னித்துவிட வேண்டும் என்று ஒவ்வொரு வரியாகச் செதுக்கினேன். படித்துப் பார்த்தால் எனக்கே கண் கலங்கியது. அப்போதுதான் சந்தேகம் வந்தது: யாருக்காக இவ்வளவு மெனக்கெடுகிறேன்?

ஜோனதன் என்று யாரும் இல்லை. போட்டது நான்.

காகிதத்தில் கையெழுத்துப் போடும் இடத்தில் 'கியூ.சி. அல்லது பொறுப்பாளர்' என்று இருந்தது. கனகராஜ் என்னைப் பார்த்தார். "சதா?" என்றார். வெளியே லாரி இன்ஜினை அணைக்காமல் நின்றுகொண்டிருந்தது. டிரைவர் இரண்டு முறை ஹாரன் அடித்துவிட்டார். செசிலியா வைத்துவிட்டுப் போன பேனாவையே எடுத்துக் கையெழுத்துப் போட்டேன்.

என் அம்மா நல்ல சுகத்தோடு இருக்கிறார். என் பிள்ளைகள் வேலைக்குப் போய்விட்டார்கள். அந்த அறுபத்திரண்டு பேரையும் அந்த நிமிடம் நினைத்தேனா என்றால், இல்லை. கேட்டார், போட்டேன். லாரி போக வேண்டியிருந்தது.

இதை எழுதி முடித்த பிறகு மூன்று வாரம் இந்தக் கதையைத் தொடவில்லை.

6

முதல் கண்டெய்னர் போனது. பிறகு பத்து. எல்லாவற்றிலும் என் கையெழுத்து. நான்காவதிலிருந்து நான் படித்துப் பார்ப்பதையும் நிறுத்திவிட்டேன்.

செசிலியாவை யாரும் வேலையிலிருந்து நீக்கவில்லை. ஸ்டோருக்கு மாற்றினார்கள், காலிப் பெட்டி எண்ணுவதற்கு. அதைவிட லைன் அவரை நடத்திய விதம்தான் மோசம். எப்படியோ விஷயம் தெரிந்துவிட்டது. சாப்பாட்டு நேரத்தில் அவர் வந்து உட்கார்ந்தால் பெண்கள் சீக்கிரம் சாப்பிட்டு எழுந்துவிடுவார்கள். ஒருநாள் ஷர்மினி நேராகவே கேட்டார்.

"அக்கா, ஒங்களுக்கு வால்டைன் அண்ணன் சம்பளம் சிங்கப்பூர்லேருந்து வருது. நாங்க என்னா பண்றது?"

(செசிலியாவின் கணவர் வாலண்டைன் சிங்கப்பூரில் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுகிறார். கம்பெனியில் எல்லாருக்கும் அவர் வால்டைன்தான்.)

செசிலியா சோற்றை மூடி எடுத்துக்கொண்டு போனார். நான் அடுத்த மேசையில் இருந்தேன். மீன் முள்ளை எடுத்துக்கொண்டிருந்தேன்.

ஆகஸ்ட் கடைசியில் அவர் வேலையை விட்டார். பதினேழு வருடத்துக்கு ஒரு கேக் வெட்டினோம். கனகராஜ் பேச எழுந்தவர், "செசிலியா நல்ல ஸ்டாஃப்" என்று சொல்லிவிட்டு உட்கார்ந்துவிட்டார்.

7

அக்டோபரில் சான்றிதழ் கொடுக்கும் அதிகாரிகள் சோதனைக்கு வருவதாகக் கடிதம் வந்தது. இங்கே கதைக்கு இரண்டு முடிவுகள் தயாராக இருந்தன.

ஒன்று: அதிகாரிகள் கண்டுபிடிக்கிறார்கள். தொழிற்சாலை மாட்டிக்கொள்கிறது. செசிலியா சொன்னது சரி என்று எல்லாருக்கும் தெரிகிறது. ஷர்மினி அவர் வீட்டுக்குப் போய் அழுகிறார்.

இரண்டு: நானே எழுந்து நின்று உண்மையைச் சொல்கிறேன். (இந்த முடிவை எழுத மிகவும் சுகமாக இருந்தது.)

நடந்தது இது. இரண்டு பேர் வந்தார்கள். கனகராஜ் அவர்கள் சாப்பிட நாசி லெமாக் சோறு வாங்கி வைத்திருந்தார். லைனைச் சுற்றிப் பார்த்தார்கள். அன்றைக்கு லைன் நிஜமாகவே ஹேர் டிரையர் செய்துகொண்டிருந்தது. அதற்கென்று பழைய பாகங்களை ஒதுக்கி வைத்திருந்தோம். பிறகு கோப்பைத் திறந்தார்கள். அவர்களில் வயதானவர் ஒரு காகிதத்தை என் பக்கம் திருப்பினார். "இது உங்கள் கையெழுத்தா?" என்று மலாயில் கேட்டார்.

"ஆமாம்" என்றேன்.

அடுத்த கேள்விக்காகக் காத்திருந்தேன். அவர் அடுத்த காகிதத்துக்குப் போய்விட்டார். அவர் கையில் இன்னும் எட்டுத் தொழிற்சாலைகளின் பட்டியல் இருந்தது. களைத்திருந்தார்.

நவம்பரில் அமெரிக்கக் கம்பெனி வேறொரு நாட்டுக்கு ஆர்டரை மாற்றிக்கொண்டது. கண்டுபிடித்து அல்ல, அங்கே மலிவு. மூன்றாம் லைனை மூடினோம். என் கையெழுத்து, செசிலியா போக மீதி அறுபத்தொரு பேருக்கும் நான்கு மாதம் வாங்கிக் கொடுத்தது. அது கொஞ்சம் இல்லை. அதிகமும் இல்லை. நேப்பாளத்துப் பையன்களை விமான நிலையத்துக்குப் பஸ்ஸில் ஏற்றி அனுப்பினோம். இயந்திரங்களைக் கழற்றி எடுத்த பிறகு, அந்த இடத்தை ஒரு டேட்டா சென்டர்காரர்கள் சாமான் வைக்க வாடகைக்கு எடுத்துக்கொண்டார்கள். இப்போது அங்கே இரண்டு பேர் வேலை செய்கிறார்கள். ஒருவர் காவலாளி.

8

இன்று ஞாயிற்றுக்கிழமை. இதுவரை எழுதியதைச் செசிலியாவிடம் காட்டப் போயிருந்தேன். மாதா கோயிலிலிருந்து அப்போதுதான் வந்திருந்தார். இப்போது அவருக்கும் வேலை சிங்கப்பூரில்தான், ஒரு கிடங்கில்; தினமும் போய்வருகிறார். சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து, கண்ணாடி போட்டுக்கொண்டு, விரலை வரியில் வைத்துப் படித்தார். ஐந்தாம் பகுதியில் விரல் நின்றது.

"ஜோனதன தூக்கிட்டீங்களா?"

"தூக்கிட்டேன்."

"எனக்குத் தெரியும்ணே, நீங்கதான்னு. லாரி போற சத்தம் கேட்டுச்சே."

"ஒரு வார்த்தைகூட நீங்க கேக்கலியே, செசிலியா."

"கேட்டு?" என்றார்.

வாலண்டைன் தேநீர் கொண்டுவந்து வைத்துவிட்டுப் போனார். செசிலியா கடைசிவரை படித்து முடித்தார்.

"நான் கதவ மெதுவா சாத்துனேன்னு எழுதியிருக்கீங்க. அந்தக் கதவு ஸ்பிரிங் கதவு லா, அதுவே மெதுவாத்தான் சாத்திக்கும். நான் டாய்லெட்ல போயி அழுதேன்."

"மாத்திடுறேன்."

"வேணாம், விடுங்க." காகிதங்களை அடுக்கினார். "என்னய ரொம்ப நல்லவளா எழுதிட்டீங்கண்ணே."

"நல்லவங்கதானே."

[ "வெள்ளன எந்திரிச்சு, சிங்கப்பூர் பாலத்துல பஸ்ஸு நகராம நிக்கும் பாருங்க, அப்ப தோணும். இப்ப அதே பேப்பரக் கொண்டாந்து நீட்டுனா, போட்டுட்டுப் போயிருவேன். இதையும் எழுதுங்க." ]

"அத எழுதுனா கதை கெட்டுரும்மா" என்றேன்.

"அப்ப கதை என்னாத்துக்கு?" என்றார். கோபமாக இல்லை. உள்ளே போய் அரிசி களைய ஆரம்பித்துவிட்டார்.

அவர் சொன்னதைப் பகர அடைப்புக்குள் போட்டிருக்கிறேன். விரலால் மறைத்துக்கொண்டு படித்தால், ஒருவர் மறுத்தார், ஒருவன் போட்டான் என்று கதை ஒழுங்காக முடிகிறது. விரலை எடுத்துவிட்டால் அது எப்படி முடிகிறது என்று எனக்குத் தெரியவில்லை. ஒரு மணி நேரமாகப் பார்த்துக்கொண்டிருக்கிறேன். இனி அது உங்கள் விரல்.

நாளைக் காலை எட்டு மணிக்கு அனுப்ப வேண்டிய ஒரு கண்டெய்னர் இருக்கிறது. நான் படுக்கப் போகிறேன்.