வத்ஸலா டீச்சரின் பாதிப் பாடம்

சின்னக் காஞ்சிபுரத்தில் வத்ஸலா வீட்டில் ஒரு பழக்கம் உண்டு. எதைப் பேசினாலும் எதிராளி என்ன சொல்வான் என்பதை முதலில் சொல்லியாக வேண்டும். அதுவும் ஏனோதானோவென்று இல்லை, அந்த எதிராளியே கேட்டால் சபாஷ் போடும்படி சொல்ல வேண்டும். பூர்வபக்ஷம் என்று அதற்குப் பெயர். அதன் பிறகுதான் தன் கட்சி. வெண்டைக்காய் வாங்குவதா வேண்டாமா என்பதைக்கூட அவள் அப்பா கிருஷ்ணஸ்வாமி இப்படித்தான் பேசுவார். வீட்டுக்குள் இருந்தவரை அழகான பழக்கம்தான். அதைப் பள்ளிக்கூடத்துக்கும் கொண்டுபோனாள் பாருங்கள், அங்கேதான் பிடித்தது சனியன்.

வியாழக்கிழமை கடைசி வகுப்பு. பத்தாம் வகுப்பு சந்தியா எழுந்து, இலக்கணம் என்ற சொல்லே எங்கிருந்து வந்தது என்று கேட்டாள். வத்ஸலாவுக்கு உற்சாகம் தாங்கவில்லை. லக்ஷணம் என்ற வடசொல்தான் இலக்கணம் ஆயிற்று, லக்ஷ்மணன் இலக்குவன் ஆகவில்லையா, லக்ஷணம் என்றால் அடையாளம் என்று வெளுத்து வாங்கினாள். அடுத்துத் தன் கட்சியைச் சொல்ல வேண்டும். இலக்கு என்ற தமிழ்ச்சொல்லிலிருந்தே அது பிறந்தது, மொழி போகவேண்டிய குறியைக் காட்டுவது என்பது. அதைத்தான் அவள் மனதார நம்பினாள். வாயைத் திறக்கும்போது மணி அடித்துவிட்டது. மீதி நாளைக்கு என்று போய்விட்டாள்.

மறுநாள் காலை தலைமையாசிரியை லில்லி கூப்பிட்டனுப்பினார். சந்தியாவின் அப்பா அப்பாதுரை ஆட்களோடு வருகிறாராம். பள்ளிக்கூடம் இருந்த தாமலில் அவர் வைத்ததுதான் சட்டம். பெயர்ப்பலகையில் வடமொழி எழுத்து இருந்ததென்று ஒரு கடை வாசலில் தார் ஊற்றியவர். தமிழுக்கு இலக்கணமே இரவல் என்று சொன்ன டீச்சர் யார் என்று போனில் கேட்டாராம். உன் வேலை இன்னும் நிரந்தரம் ஆகவில்லை, ரகளை என்றால் நிர்வாகம் உன்னைத்தான் அனுப்பும், எப்படியாவது சமாளி என்றார் லில்லி.

வத்ஸலாவின் அப்பாவுக்குக் கண் போனதிலிருந்து வீட்டில் சம்பாதிப்பது அவள் ஒருத்திதான். வாசற்கதவில் தார் வழிவதும், அப்பா அதைக் கையால் தடவி இது என்னடி என்று கேட்பதும் திரும்பத் திரும்ப மனதில் வந்தன. மீதிப் பாதியைச் சொல்லிவிட்டால் தீர்ந்தது. ஆனால் பேசவிடுவார்களா?

வெள்ளை வேட்டிகள் அறையை அடைத்துக்கொண்டு நின்றன. சந்தியா அப்பாவின் முதுகுக்குப் பின்னால் தலைகுனிந்து நின்றாள். அப்பாதுரை கத்துவார் என்று பார்த்தால், மெதுவாகப் பேசினார். அது இன்னும் பயமாக இருந்தது.

"இன்னா டீச்சரம்மா, நம்ம தமிழு கைநீட்டி வாங்கிக்கினு வந்ததா? நீங்களே சொல்லுங்க."

வத்ஸலா இலக்கு, குறி, தமிழ் வேர் என்று முன்னுக்குப் பின்னாக உளறிக் கொட்டினாள். ஆயிரம் தடவை அப்பாவிடம் வாதாடி ஜெயித்த விஷயம், குரல் நடுங்கியதில் ஒப்பிப்பதுபோல் வந்தது. நேற்று நேரம் போதவில்லை என்று சொன்னதை யாரும் காதில் வாங்கவில்லை.

அப்பாதுரை தன் ஆட்களைத் திரும்பிப் பார்த்துச் சிரித்தார். இதை நேற்றே சொல்லியிருந்தால் நான் ஏன் வரப்போகிறேன் என்று கும்பிடு போட்டுவிட்டுக் கிளம்பினார். லில்லி சிலுவைக் குறி போட்டுக்கொண்டார். வேலை தப்பியது.

எல்லாரும் போன பிறகு சந்தியா மட்டும் வராந்தாவில் காத்திருந்தாள். கண் சிவந்திருந்தது.

"என்னாலதான் மிஸ். நேத்து சொன்னதுதான் நெஜம்னு எனக்குத் தெரியும். அப்பாவுக்கு பயந்துக்கினு மாத்திட்டீங்க."

"இல்லம்மா. நான் நம்பறதே இதுதான்."

சொல்லும்போதே குரல் இன்னும் நடுங்குவது அவளுக்கே கேட்டது. சந்தியா டீச்சரின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"பரவால்ல மிஸ். நான் யார்கிட்டயும் சொல்ல மாட்டேன்."