அதே நாளில் இரண்டு கையெழுத்துகள்

1

சுங்குவார்சத்திரத்தில் ஷேர் ஆட்டோ ஏறிய இரண்டு பெண்களிடமிருந்து இந்தக் கதையைத் திருடினேன். (ஷேர் கதைக்கு ஷேர் ஆட்டோ. நான் திட்டமிடவில்லை.) "கடைசில அவங்க அண்ணனே ஒத்துக்கினாருடி" என்றாள் ஒருத்தி. இருவரும் விழுந்து விழுந்து சிரித்தபடி ஸ்ரீபெரும்புதூரில் இறங்கிவிட்டார்கள். எதை ஒத்துக்கொண்டார்? எனக்கு இருப்புக்கொள்ளவில்லை. மீதி நான் இட்டுக்கட்டியது.

2

ஒரகடத்தின் புகைபோக்கிகளுக்கு மேலே சூரியன்

(வேண்டாம். ரூத்திலிருந்து தொடங்குகிறேன்.)

ரூத் ஒரு செல்போன் தொழிற்சாலையில் தரம் பார்ப்பவள். அவள் அப்பா ஜெபதாஸ் ஒரகடத்தில் கார் கதவுக்குக் கீல் செய்யும் சிறிய கம்பெனி நடத்தியவர். அவர் இறந்ததும் பங்குகள் அவளுக்கும் அண்ணன் வில்சனுக்கும் சரிபாதியாக வந்தன. ஒரு வருடம் கழித்து, தானும் அங்கே வேலை பழகலாம் என்று போனாள். கணக்காளர் தசரதன் அவள் முகத்தைப் பார்க்காமல் பங்குதாரர் பதிவேட்டைத் திருப்பிக் காட்டினார். அவள் பெயர் அடிக்கப்பட்டிருந்தது. மார்ச் பன்னிரண்டாம் தேதி எல்லாப் பங்கையும் அண்ணனுக்கு எழுதிக்கொடுத்து அவள் கையெழுத்திட்டிருக்கிறாளாம். கையெழுத்து அழகாகவே இருந்தது. அவளுடையதுதான் இல்லை.

போய்க் கேட்டதற்கு வில்சன் கோபப்படக்கூட இல்லை. "ஷேர வச்சிக்கினு நீ இன்னா பண்ணப்போற? உனுக்கு மாப்ள பாக்கறது என் பொறுப்பு" என்றான்.

3

(வில்சனுக்கு முதலில் கனத்த சங்கிலியும் கொடூரச் சிரிப்பும் கொடுத்திருந்தேன். அடித்துவிட்டேன். ரூத்துக்கு சைக்கிள் கற்றுக்கொடுத்தவன் அவன். அதனால்தான் அவளுக்கு அவ்வளவு வலித்தது.)

வழக்கு சென்னையில் கம்பெனித் தகராறுகளை விசாரிக்கும் தீர்ப்பாயத்துக்குப் போனது. மார்ச் பன்னிரண்டு காலை பதினொரு மணிக்கு அவளே கம்பெனிக்கு வந்து கையெழுத்திட்டாள் என்றது வில்சன் தரப்பு. அவள் லீவு போட்ட நாளை விசாரித்துத்தான் அவன் தேதி போட்டிருந்தான். வேலை நாளென்றால் வருகைப் பதிவு காட்டிக்கொடுத்துவிடும்.

அன்று எங்கே இருந்தீர்கள் என்று அவளுடைய வக்கீல் ராஜம்மா கேட்டார். ரூத்துக்குக் காது சிவந்தது.

பதினொரு மணிக்கு அவள் பதிவு அலுவலகத்தில் வேறொரு பதிவேட்டில் கையெழுத்திட்டுக்கொண்டிருந்தாள். பக்கத்தில் தூத்துக்குடிக்காரன் வேல்ராஜ், கழுத்தில் மாலையோடு, பேனாவைத் தலைகீழாகப் பிடித்தபடி. வீட்டுக்கு எப்படிச் சொல்வதென்று அன்றிலிருந்து தள்ளிப்போட்டு வந்தார்கள்.

சொல்லாவிட்டால் அப்பாவின் கம்பெனி போகும். சொன்னால் அண்ணனே போய்விடுவான். நான்கு நாள் பீரோவைத் திறப்பதும் மூடுவதுமாக இருந்தாள். ஐந்தாம் நாள் கல்யாணச் சான்றிதழை ராஜம்மாவிடம் கொடுத்தாள்.

4

விசாரணையில் அந்தச் சான்றிதழைப் படித்ததும் (எழுதும்போதே எனக்குக் கை பரபரக்கிறது) வில்சன் துள்ளி எழுந்தான். வழக்கை மறந்தான். அவனுடைய வக்கீல் சட்டையைப் பிடித்து இழுத்தது அவனுக்கு உறைக்கவே இல்லை.

"கையெழுத்துப் போட அன்னிக்கு உன்ன நான் கூப்ட்டிருந்தா, நீ எங்க போயிருந்தன்னு அப்பவே தெரிஞ்சிருக்குமே."

நீதிபதி கண்ணாடியைக் கழற்றிவிட்டு, அதை இன்னொரு முறை சொல்லச் சொன்னார். அவளைக் கூப்பிடவே இல்லை என்று அண்ணனே ஒத்துக்கொண்டாயிற்று. ரூத்துக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. துப்பட்டாவை வாயில் அழுத்தினாள், கண்ணீரும் வந்தது.

பங்கு மாற்றம் செல்லாது என்று தீர்ப்பானது. பதிவேட்டில் அவள் பெயர் மறுபடி ஏறியது.

5

முடிவு மூன்று எழுதினேன். ஒன்றில் வில்சன் அழுகிறான்; ஈரம் தாங்காமல் கிழித்தேன். அடுத்ததில் மேல்முறையீடு போகிறான். அது வக்கீல்களுக்கு மட்டுமே பிடிக்கும். மூன்றாவதில், தீர்ப்பு வந்த அன்று தீர்ப்பாயத்தின் படிக்கட்டில் ரூத்தும் வேல்ராஜும் வில்சனும் எதிரெதிரே நின்றார்கள். கதை முழுக்க ஒரு வார்த்தை பேசாத வேல்ராஜ்தான் தொண்டையைச் செருமினான்.

"சாப்ட்டீயளா மச்சான்?"

ரூத் மூச்சைப் பிடித்துக்கொண்டு அண்ணனைப் பார்த்தாள். வில்சன் வாயைத் திறந்தான். நான் பேனாவை மூடிவிட்டேன். அவன் என்ன சொன்னான் என்பதை உங்களில் தங்கை உள்ளவர்கள் எழுதிக்கொள்ளுங்கள்.