கேமரா வேலை செய்கிறது என்று ஒரு புகார்

1

இந்தக் கதை என் சொந்தச் சரக்கு இல்லை. என் காரில் பின்பக்கம் காட்டும் கேமரா கிடையாது. வாங்கும்போது அந்த வசதி இல்லாத வகையைத்தான் வாங்கினேன். பிறகு ஆசை வந்து, தனியாக ஒரு கேமராவை வாங்கிக்கொண்டு ஒரு கார் எலக்ட்ரீஷியனிடம் போனேன். அவரை எல்லோரும் ஃபியூஸ் என்றுதான் கூப்பிடுகிறார்கள். அவரும் அந்தப் பெயருக்குத்தான் திரும்பிப் பார்க்கிறார். வேலைக்கு நடுவே பேச்சுவாக்கில் சொன்னார்:

"கேமரா வேலை செய்யலைன்னு வராத ஆளே இல்ல சார். வேலை செய்யுதுன்னு கம்ப்ளெய்ண்ட்டோட வந்தவர் ஒரே ஒருத்தர்தான். நல்லா இருக்கிற கேமராவ ஆஃப் பண்ணிக் குடுன்னு வந்து நின்னாரு."

"ஏனாம்?"

"வீட்ல பேச்சு நின்னு போச்சாம்."

மேற்கொண்டு கிளறியதில் இன்னும் கொஞ்சம் கிடைத்தது. வந்தவர் பல்செட் செய்பவர். அவர் மனைவி பள்ளிக்கூடத்தில் விளையாட்டு டீச்சராக இருந்து ஓய்வு பெற்றவர். பட்டறைக்குள் நடந்ததை ஃபியூஸ் சொன்னார். வீட்டுக்குள் நடந்தது முழுக்க நான் இட்டுக்கட்டியது. 'இது எங்கே சார் நடந்துச்சு?' என்று அவர் கேட்டால், என் மேஜையில் நடந்தது என்பேன்.

2

முதல் வரைவு இப்படித் தொடங்கியது:

மனைவி இறந்த பிறகு, வண்டியைப் பின்னால் எடுக்கும்போதெல்லாம் அவருக்கு—

நிறுத்திவிட்டேன். எழுதுகிறவர்களுக்கு இது ஒரு கெட்ட பழக்கம். ஒரு ஆணை வருத்தப்பட வைக்க வேண்டுமென்றால் முதலில் அவன் மனைவியைத் தீர்த்துக்கட்டிவிடுவோம். டீச்சர் உயிரோடுதான் இருக்கிறார். பக்கத்து அறையில் இருக்கிறார். சிக்கலே அங்கேதான்.

இரண்டாவது வரைவு: பின்னால் இருப்பதைப் பார்ப்பதற்கு ஒரு கண் வேண்டும் என்று மனிதன் எப்போது—

இது மேடைப் பேச்சு. இதையும் விட்டுவிட்டேன்.

(இன்னொரு திருத்தம். பல்செட்காரரை 'அவர்' என்றும் டீச்சரை 'அவள்' என்றும் மூன்று பக்கம் எழுதிவிட்ட பிறகுதான் கவனித்தேன். மாற்றிவிட்டேன். எங்காவது ஒரு 'அவள்' தப்பியிருந்தால் மன்னிக்கவும்.)

3

பல்செட்காரருக்குக் கழுத்து திரும்பாது. அடுத்தவர் வாயின் அச்சைக் கையில் வைத்துக்கொண்டு, ஆயுள் முழுக்கக் குனிந்து செயற்கைப் பல் தேய்த்ததில் கழுத்தெலும்பும் தேய்ந்துவிட்டது. யாராவது பின்னாலிருந்து கூப்பிட்டால் உடம்பையும் சேர்த்துத்தான் திருப்புவார். நேராக ஓட்டுவதில் குறையில்லை. பின்னால் எடுப்பதுதான் பெரும்பாடு. வீடு ஒரு முட்டுச்சந்தின் கடைசியில் இருக்கிறது. கேட் குறுகல். ஒரு பக்கம் மதில், இன்னொரு பக்கம் மூடியில்லாத சாக்கடை. வண்டியைப் பின்பக்கமாகத்தான் உள்ளே விட்டாக வேண்டும்.

அதற்கு டீச்சர் இருந்தார். ஹாரன் சத்தம் கேட்டதும் கையில் இருப்பதை அப்படியே போட்டுவிட்டு வந்து கேட்டை விரியத் திறப்பார். இடுப்பில் ஒரு கையை ஊன்றிக்கொண்டு மதிலோரம் நிற்பார்.

"வா... வா... வா... லெஃப்ட்ல ஒடி. இன்னும் ஒடி. ஒடிங்கறேன்ல! நேராக்கு... வா... நில்லு!"

மைதானத்தின் அந்தக் கோடியில் ஓடுகிற பிள்ளையை இந்தக் கோடியிலிருந்தே நிறுத்திவிடும் குரல் அது. வீட்டுக்குள் கணவரை 'வாங்க, போங்க' என்பவர், வண்டிக்குப் பின்னால் போய் நின்றதும் 'வா, நில்லு' என்று மாறிவிடுவார். ஒருமுறை பல்செட்காரர் இதைச் சொல்லிக் காட்டியபோது, "நான் வண்டியத்தானே சொல்றேன், உங்களையா சொல்றேன்?" என்றார் டீச்சர்.

இருவருமே வீட்டுக்குள் அதிகம் பேசிக்கொள்பவர்கள் அல்ல. பிள்ளைகள் தூரத்தில் இருந்தார்கள். வண்டி உள்ளே வந்து நின்ற பிறகு மட்டும் ஒரு பேச்சு பிறக்கும். "நான் மட்டும் இல்லைன்னா இன்னைக்கு மதில்ல ஒரு கோடு போட்டிருப்பீங்க" என்று டீச்சர் தொடங்குவார். "மதிலுக்கும் வண்டிக்கும் நடுவுல ஒரு யானை போகும்" என்பார் இவர். அந்த யானை படியேறி, கைகழுவி, சாப்பாட்டு மேஜை வரைக்கும் கூடவே வரும். அங்கிருந்து பேச்சு எங்கெங்கோ போகும்.

இது எப்படிப்பட்ட பேச்சு என்று அப்போது இருவருக்குமே தெரியாது. எனக்கும் ஐந்தாவது வரைவில்தான் தெரிந்தது.

4

எதிர் வீட்டு மாடிக்கு ஒருவர் புதிதாகக் குடிவந்தார். சிரித்த முகம், வாயாடி. ஒருநாள் சந்து முனையில் நாலு பேர் நிற்கும்போது சொன்னார்:

"சார், நேத்து டீச்சர் 'நில்லு'ன்னாங்க பாருங்க, குளிச்சிட்டிருந்த நானே அப்படியே நின்னுட்டேன்!"

எல்லோரும் சிரித்தார்கள். பல்செட்காரரும் சிரித்தார். அந்தச் சிரிப்பு வீடு வரைக்கும் தாங்கவில்லை.

மறுவாரமே கேமரா வாங்கிவிட்டார். "உனக்குத்தான் முட்டி வலிக்குதே, எதுக்கு ஓடி ஓடி வரணும்?" என்று டீச்சரிடம் காரணம் சொன்னார். முட்டி வலித்தது உண்மைதான். ஆனால் கேமரா வாங்கியது முட்டிக்காக இல்லை. அவரை நல்லவராகக் காட்ட எனக்கு ஆசைதான், ஆனாலும் இதை மறைக்க முடியாது.

5

ஃபியூஸின் பட்டறையில் கேமராவைப் பின்கதவில், நம்பர் பிளேட்டுக்கு மேலே பொருத்தினார்கள். அதன் வயர் கதவு மடிப்பில் இருக்கும் ரப்பர் குழாய்க்குள் நுழைந்து, கூரைத் துணிக்கு அடியில் ஊர்ந்து, பாட்டும் போட்டு வழியும் காட்டுகிற முன்திரையின் முதுகில் போய்ச் சேர்ந்தது. பல்செட்காரர் ஆவலோடு ஏறி உட்கார்ந்து ரிவர்ஸ் கியர் போட்டார்.

திரையில் ரேடியோதான் தெரிந்தது.

"கேமரா டூப்ளிகேட்டா?" என்றார்.

"கேமராவும் நல்லாருக்கு, வயரும் நல்லாருக்கு. ஆனா கம்பெனியில உங்க வண்டிக்குக் கேமரா கிடையாதுன்னு எழுதி அனுப்பிட்டாங்க. அது அதையே நம்பிக்கிட்டு உக்காந்திருக்கு. இருக்குன்னு நாமதான் சொல்லணும்."

(இங்கே 'மனிதர்களும் அப்படித்தானே' என்று ஒரு வரி எழுதினேன். எழுதும்போதே கூச்சமாக இருந்தது. எடுத்துவிட்டேன். வண்டி வண்டியாகவே இருக்கட்டும்.)

ஸ்டீயரிங்குக்கு அடியில் ஒரு சொருகு இருந்தது. ஃபியூஸ் அதில் ஒரு கருவியை மாட்டி லேப்டாப்போடு இணைத்தார். வண்டிக்கு என்னென்ன உண்டு, என்னென்ன இல்லை என்பது வரிசையாக வந்தது. 'பின்கேமரா' என்ற இடத்தில் 'இல்லை' என்று இருந்ததை 'உண்டு' என்று மாற்றினார். திரை அணைந்து, யோசித்து, மறுபடி விழித்தது. ரிவர்ஸ் போட்டதும் பட்டறையின் பின்சுவர் பளிச்சென்று வந்தது. ஆனால் இடவலம் மாறி வந்தது. வலப்பக்கம் இருந்த டயர் அடுக்கு திரையில் இடப்பக்கம் நின்றது.

"இத நம்பி ஓட்டினா நேரா சாக்கடைதான்" என்றார் பல்செட்காரர்.

ஃபியூஸ் கேமரா வயரில் தொங்கிய ஒரு சின்ன வளையத்தைத் தேடிப்பிடித்து வெட்டினார். படம் நேரானது. தூரம் காட்டும் மஞ்சள், சிவப்புக் கோடுகளும் கிடைத்தன. புதுப் பல்செட்டை முதல்முறை மாட்டிய ஆள் கண்ணாடியில் பார்ப்பதுபோலப் பல்செட்காரர் அந்தத் திரையைப் பார்த்தார்.

6

அன்று சாயங்காலம் ஹாரன் அடிக்கவில்லை. ஆனாலும் இன்ஜின் சத்தத்தை வைத்தே டீச்சர் வந்துவிட்டார். கேட்டைத் திறந்துவிட்டு வழக்கமான இடத்தில் நின்றார். "வா... வா..." என்று ஆரம்பித்தார்.

எதிர் மாடியில் அந்தச் சிரித்த முகம் தெரிந்தது.

பல்செட்காரர் கண்ணாடியை முழுக்க இறக்கினார். மாடிவரை கேட்கட்டும் என்றே சொன்னார்:

"இனிமே தெருவுக்கே கேக்கிற மாதிரி நீ கத்த வேண்டியதில்ல. போ, உள்ள போய் உக்காரு."

பிறகு திரையைப் பார்த்துக்கொண்டே, கோட்டுக்குள் கோடாக, ஒரே மூச்சில் வண்டியை உள்ளே விட்டார். மாடிக்காரர் கை தட்டினார். பல்செட்காரர் இறங்கிப் பார்த்தபோது கேட் திறந்திருந்தது. மதிலோரம் ஆள் இல்லை.

இந்தப் பகுதியை நான் பலமுறை மாற்றிப் பார்த்தேன். கண்ணாடியை இறக்காமல் விட்டேன். மாடியில் ஆளில்லாமல் செய்தேன். அவரை மெதுவாகப் பேச வைத்தேன். என்னால் அந்த வாக்கியத்தை அடிக்க முடியும். அவரால் முடியாதே. அதனால் நானும் விட்டுவிட்டேன்.

7

சில வரைவுகளில் டீச்சர் அழுதார். ஒன்றில் சாப்பிடாமல் படுத்துக்கொண்டார். இரண்டும் பொய். வெயிலில் நின்று விசில் ஊதி, தோற்ற பிள்ளைகளைத் தட்டிக்கொடுத்து அனுப்பிய பெண்மணி இதற்கெல்லாம் மூக்கைச் சிந்திக்கொண்டிருக்க மாட்டார். அவர் செய்தது இதுதான்: சொன்னதைக் கேட்டார். கத்த வேண்டாம் என்றார்கள், கத்தவில்லை.

வாசலில் மட்டும் இல்லை, வீட்டுக்குள்ளும் குரல் தணிந்துவிட்டது. மாடிப்படியிலிருந்து கூப்பிடுவதை விட்டு, இறங்கிவந்து பக்கத்தில் நின்று சொன்னார். போனில் பிள்ளைகளிடம் பேசும்போது கதவைச் சாத்திக்கொண்டார். முகத்தில் கோபமே இல்லை. சாப்பாடு நேரத்துக்கு வந்தது. "வாங்க" என்றார், "வைக்கட்டுமா?" என்றார், "போதுமா?" என்றார். யானை மட்டும் வரவில்லை.

பல்செட்காரர் ஒருநாள் தானாகவே ஆரம்பித்தார்:

"இன்னைக்கு மதில்ல ஒரசியிருப்பேன்."

"அதான் கேமரா இருக்கே."

இன்னொரு நாள், "அன்னைக்கு நான் சொன்னது..." என்று இழுத்தார்.

"எது?"

டீச்சர் உண்மையாகவே அவர் முகத்தைப் பார்த்துக் கேட்டார். அந்த நேரம் சொல்லியிருக்கலாம். நானும் பேனாவைத் தயாராக வைத்திருந்தேன்.

"ஒண்ணுமில்ல" என்றார் பல்செட்காரர்.*

* இந்தக் கதையில் எனக்கு மிகவும் வருத்தமான இடம் இதுதான். அந்த 'கத்த வேண்டியதில்ல'கூட இரண்டாவதுதான். அது மாடிக்காக வந்த வீம்பு. இந்த 'ஒண்ணுமில்ல'வுக்கு வேறு யாரையும் குற்றம் சொல்ல முடியாது.

8

கடைசியில் பட்டறைக்குப் போனார். இந்தப் பகுதி ஃபியூஸ் சொன்னபடியே.

"கேமராவ ஆஃப் பண்ணிடணும்."

"ஏன் சார், படம் வரலையா?"

"வருது. நல்லா வருது. அதான் பிரச்சன."

ஃபியூஸ் எதிரே ஒரு ஸ்டூலைப் போட்டு உட்கார வைத்தார். பல்செட்காரர் நடந்ததை முன்னும் பின்னுமாகச் சொல்லி முடித்தார். ஃபியூஸ் கேட்டார்:

"கேமராவ ஆஃப் பண்றது பெரிய வேலை இல்ல. ஆனா சார், வீட்ல போய் 'தப்பா பேசிட்டேன்'னு ஒரு வார்த்தை சொன்னா முடிஞ்சிடாதா?"

"எங்க வீட்ல அந்த மாதிரி வார்த்தையெல்லாம் சொல்லிப் பழக்கமில்லப்பா. எப்படி ஆரம்பிக்கிறதுன்னே தெரியல."

ஃபியூஸ் லேப்டாப்பை எடுத்து, 'உண்டு' என்பதை மறுபடி 'இல்லை' ஆக்கினார். பல்செட்காரர் திரையை ஒருமுறை சோதித்துப் பார்த்துவிட்டுக் கிளம்பினார். அப்புறம் அவர் அந்தப் பட்டறைக்கு வரவே இல்லை. ஃபியூஸுக்குத் தெரிந்த கதை இவ்வளவுதான்.

9

மீதிக்கு மூன்று முடிவுகள் எழுதினேன்.

முதல் முடிவில் அவர் ஹாரன் அடிக்கிறார், டீச்சர் ஓடிவந்து பழையபடி கத்துகிறார், மாடிக்காரர் உட்பட எல்லோரும் சிரிக்கிறார்கள். இதை இரண்டு நாள் வைத்திருந்தேன். பிறகு திகட்டிவிட்டது. ஒரு கருவியை அணைத்துவிட்டால் மனுஷிக்கு மறந்துவிடுமா என்ன?

இரண்டாவதில் டீச்சர் வருகிறார், ஆனால் வாய் திறக்காமல் கையால் மட்டும் சைகை காட்டுகிறார். நல்ல முடிவுதான், படிப்பவர்களும் பாராட்டுவார்கள். ஆனால் டீச்சர் அப்படிப் பழிவாங்குகிற ஆள் இல்லை. அவரை அப்படி நிறுத்த எனக்கு மனம் வரவில்லை.

மூன்றாவது, முடிக்காமல் கிடக்கிறது.

பல்செட்காரர் கேட்டுக்கு முன்னால் வண்டியை நிறுத்தி ஹாரன் அடித்தார். வெகுநேரம் கழித்து டீச்சர் வந்தார். மதிலோரம் போகாமல் நேராக ஓட்டுநர் பக்கக் கண்ணாடிக்கு வந்து நின்றார்.

"என்னாச்சு?"

"ஸ்கிரீன் வரல."

டீச்சர் திரையைப் பார்த்தார். பிறகு கணவர் முகத்தைப் பார்த்தார். பொய் சொல்லும் பிள்ளைகளை ஆயுள் முழுக்கப் பார்த்தவர்.

"ரிப்பேர் ஆயிடுச்சா? இல்ல, போய் ரிப்பேர் ஆக்கிட்டு வந்தீங்களா?"

அவர் ஸ்டீயரிங்கையே பார்த்தார். கழுத்து திரும்பாதது முதல்முறையாக வசதியாக இருந்தது.

"இறங்குங்க" என்றார் டீச்சர்.

"எதுக்கு?"

"எனக்கும் லைசென்ஸ் இருக்கு. எடுத்த நாள்லேருந்து பீரோவுலதான் இருக்கு. சாவிய ஒருநாளாவது நீங்க குடுத்திருக்கீங்களா? இறங்குங்க. இன்னைக்கு நான் உள்ள விடறேன். நீங்க போய் நின்னு சொல்லுங்க."

இறங்கினார். வேறு வழியில்லை. டீச்சர் உட்கார்ந்து, சீட்டை முன்னால் இழுத்து, கண்ணாடியை இறக்கி, ரிவர்ஸ் போட்டார். பல்செட்காரர் மதிலோரம் போய் நின்றார். டீச்சர் நின்ற இடத்தில் அவர் நிற்பது இதுவே முதல் தடவை. இங்கிருந்து பார்க்க வண்டி எவ்வளவு பெரிதாக இருந்தது! அது தன்மேலேயே வருவதுபோல இருந்தது. இப்படித்தான் இத்தனை வருஷமும் அவள் நின்றாளா என்று நினைத்தார். (தப்பிவந்த 'அவள்' இது. இதை மாற்றவில்லை. அவர் நினைத்தது அப்படித்தான்.)

வண்டி மெல்ல நகர்ந்தது. அவர் "வா" என்றார். குரல் வெளியே வரவில்லை. சத்தமே போடாத தொழில் அவருடையது. வாயைத் திறப்பதெல்லாம் அங்கே வருகிறவர்கள்தான்.

"கேக்கல!" என்றார் டீச்சர். எதிர் மாடியில் கதவு திறந்தது. "சத்தமா சொல்லுங்க!"

பல்செட்காரர் மூச்சை இழுத்தார்.

அவர் என்ன சொன்னார் என்பதை நான் எழுதவில்லை. 'லெஃப்ட்ல ஒடி' என்று எழுதினால் பாதிதான் வருகிறது. 'தப்பா பேசிட்டேன்' என்று எழுதினால் வண்டி சாக்கடைக்குப் போகிறது. எனக்குத் தெரிந்த எந்த வாக்கியத்திலும் அவை இரண்டும் சேரவில்லை. உங்களுக்குத் தெரிந்தால் நீங்கள் சொல்லுங்கள். வண்டி நகர்ந்துகொண்டிருக்கிறது, யோசிக்க நேரம் அதிகமில்லை. மாடிக்காரர் பார்த்துவிட்டுப் போகட்டும். டீச்சருக்குக் கேட்க வேண்டும், அவ்வளவுதான்.