அங்கப்பன் கட் சொன்ன நாள்

வால்பாறையில் ஒரு எஸ்டேட் லைன் வீட்டில் ஒன்பது வருடம் பால் பொங்கிக்கொண்டே இருந்தது. வழியவும் இல்லை, அடங்கவும் இல்லை. காந்திபுரம் பேருந்து நிலையத்தில் மஞ்சள் சேலைக்காரி ஒருத்தி அதற்கும் முன்பிருந்தே மேட்டுப்பாளையம் பஸ்ஸுக்காகக் காத்திருந்தாள். பஸ் வந்தாலும் ஏறமாட்டாள். இரண்டும் இயக்குநர் அங்கப்பன் எடுத்த காட்சிகள் என்பது ஊருக்கே தெரியும். அவர் கிளிசரின், பவுடர் எதையும் அண்டவிடாத யதார்த்தக்காரர். 'கட்' என்று கத்தினால் உண்மை ஓடிப்போகும் என்று, கேமராவை நிறுத்திவிட்டு ஓசைப்படாமல் நடந்துவிடுவார். நடித்தவர்கள் கொஞ்ச நேரத்தில் தாமாகவே கலைந்து போவார்கள். ஒன்றிரண்டு காட்சிகள்தான் கலையாமல் நின்றுவிட்டன. அவற்றுக்கும் சேர்த்தே விருது கொடுத்தார்கள்.

படங்கள் ஓடாமல் போனதும் தொலைக்காட்சித் தொடருக்கு வந்தார். செட்டுக்குள் கால் வைக்கமாட்டேன் என்று, துடியலூரில் தன் சொந்த வீட்டிலேயே எடுத்தார். ஒரு நாள் நடிகை வரவில்லை. மனைவி செவ்வந்தியைக் கூப்பிட்டு, கணவனாக நடிக்கும் சென்னகேசவனுக்குச் சோறு போடச் சொன்னார். அன்று காலையில் அவள் வைத்த ரசம்தான். சென்னகேசவன் ஒரு வாய் சாப்பிட்டுவிட்டு, யாரும் எழுதித் தராத ஒன்றைச் சொன்னான்: "ரசம் நல்லா இருக்குது அம்மணி." செவ்வந்தி சிரித்தாள். எந்த வீட்டில் எந்தப் புருஷன் இப்படிச் சொல்கிறான், சுத்தப் பொய் என்று அங்கப்பனுக்கு ஒரே எரிச்சல். ஆனாலும் கட் சொல்வது வழக்கமில்லையே. கேமராவை நிறுத்திவிட்டு, யூனிட்டாரோடு டீ குடிக்கப் போனார்.

திரும்பி வந்து கதவைத் தட்டியபோது செவ்வந்தி எட்டிப் பார்த்து, "ஏனுங்க, ஆருங்க வேணும்?" என்றாள். கேலி செய்கிறாள் என்றுதான் முதலில் நினைத்தார். சுவரில் மாட்டியிருந்த கல்யாணப் போட்டோவில் அவள் பக்கத்தில் சென்னகேசவன் மாலையோடு நின்றான். அங்கப்பனுக்கு இது தன் வீடா, தன் தொடரா, இதில் தான் யார், ஒன்றும் பிடிபடவில்லை. இவள் இல்லாமல் தனக்கு ஒரு நாள்கூட ஓடாது என்பது மட்டும் பிடிபட்டது. வாழ்க்கையில் முதல்முறையாக, வாசலில் நின்று "கட்!" என்று அலறினார். தும்பை விட்டு வாலைப் பிடித்த கதைதான். வால்பாறையில் பால் அடங்கியது. காந்திபுரத்தில் மஞ்சள் சேலைக்காரி வந்த பஸ்ஸில் ஏறி வீடு போய்ச் சேர்ந்தாள். துடியலூரில் எதுவும் மாறவில்லை. கட் என்பது நடிப்பவர்களுக்கு. அந்த வீட்டுக்குள் யாரும் நடிக்கவில்லை.

"வெயில்ல நிக்காதீங்க. உள்ள வந்து ஒரு வாய் சாப்பிட்டுப் போங்க" என்றாள் செவ்வந்தி. வாசலுக்கு வந்தவரை வெறும் வயிற்றோடு அனுப்புவது அந்தப் பக்கத்தில் வழக்கமில்லை. சென்னகேசவன் நகர்ந்து இடம் கொடுத்தான். அங்கப்பன் உட்கார்ந்து ஒரு வாய் சாப்பிட்டார்.

"ரசம் நல்லா இருக்குது அம்மணி" என்றார்.

"அதை எங்க ஊட்டுக்காரரு அப்பவே சொல்லிப்போட்டாருங்க" என்றாள் செவ்வந்தி. "நீங்க சாப்பிடுங்க."

அங்கப்பன், கல்யாணமான நாளிலிருந்து சாப்பிட்டது போலவே, தலை குனிந்து பேசாமல் சாப்பிட்டார். இப்போதும் தினம் மதியம் வருகிறார். செவ்வந்தி மூன்று தட்டு வைக்கிறாள்.