டெஸ்ட் சாரும் டோஃபுவும்

என் தம்பிக்குக் கண்ணில் ஒரு கோளாறும் கிடையாது. மாடியில் நின்றபடி எதிர்த் தெருவில் போகிற பஸ்ஸின் நம்பரைப் படித்துவிடுவான். அப்படிப்பட்டவன் அடுத்தடுத்து இரண்டு மூக்குக்கண்ணாடி வாங்கிக்கொண்டு வந்தபோதே எனக்குச் சந்தேகம் தட்டியது. அவன் டைல்ஸ் ஒட்டுகிறவன். ஒரு கண்ணாடிக் கடைக்குத் தரை போடப் போனவன், வேலை முடிந்த பிறகும் ஏதாவது சாக்கு வைத்துக்கொண்டு போய்க்கொண்டே இருந்தான். அங்கே கண் சோதிக்கிற பெண்தான் காரணம். அவள் எழுத்துகளைக் காட்டிப் படிக்கச் சொன்னால், சோதனை இன்னும் கொஞ்சம் நீளட்டும் என்று வேண்டுமென்றே தப்புத் தப்பாகப் படித்திருக்கிறான். வெட்கங்கெட்டவன்.

"அக்கா, அவளுக்கும் சம்மதம்தான். அவங்க அப்பாதான்..." என்று இழுத்தான்.

"அப்பாவுக்கு என்னவாம்?"

"ஒரு டெஸ்ட் வச்சிருக்காரு."

அவர் யார் என்று சொன்னதும் "அந்த ஆளா!" என்று கத்திவிட்டேன். வண்டி ஓட்ட லைசென்ஸ் வாங்கப் போகிறவர்களுக்குத் தேர்வு வைக்கிற அதிகாரி. அவர் பெயர் யாருக்கும் ஞாபகம் இருக்காது, டெஸ்ட் சார் என்றால் போதும். பக்கத்து இருக்கையில் உட்கார்ந்து வருவார். வாயைத் திறக்க மாட்டார். இறங்கும்போது ஒரே ஒரு வார்த்தை சொல்வார்: "ஃபெயில்." என்னை இரண்டு தடவை ஃபெயிலாக்கிய புண்ணியவான் அவர். இரண்டாவது தடவை நான் ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டு அழுதே விட்டேன். "அடுத்த வாரம் வாங்க" என்று கதவைச் சாத்திக்கொண்டு போனார். மனுஷனா அவர்?

இப்போது தம்பிக்கும் டெஸ்ட். "என் பொண்ணு வேலைக்குப் போறவ. வீட்டுக்கு வந்தும் அவ ஒருத்தியே அடுப்படியில நிக்கணும்னா அப்படி ஒரு கல்யாணமே வேண்டாம். ஞாயித்துக்கிழமை வரேன். பையன் சமைச்சுப் போடட்டும்" என்று சொல்லியனுப்பியிருந்தார். என்ன சமைக்க வேண்டும் என்பதும் அவர் உத்தரவுதான். டோஃபுவும், அதுதான் அந்தச் சோயா பனீர், காய்கறியும் போட்டு வதக்கல். டாக்டர் அவருக்குக் கறியையும் பால் சாமான்களையும் நிறுத்தச் சொல்லிவிட்டாராம். மகள் அன்றாடம் அதைத்தான் செய்து கொடுக்கிறாளாம்.

என் தம்பிக்கு வெந்நீர் வைக்கச் சொன்னாலே பாத்திரம் கருகிவிடும். ஆனால் பெண் போய்விடுவாளோ என்று அவன் இரண்டு நாளாகச் சரியாகச் சாப்பிடாமல் திரிந்ததைப் பார்க்க எனக்குத் தாங்கவில்லை.

"நீ ஒண்ணும் செய்ய வேண்டாம்டா. நான் பாத்துக்கறேன்" என்றேன்.

நான் ஆஸ்பத்திரியில் வரவேற்பு மேசையில் உட்காருகிறவள். டாக்டர் அப்போதுதான் வீட்டில் குளித்துக்கொண்டிருப்பார். "கிளம்பிட்டாரு, இதோ வந்துடுவாரு" என்று சிரித்த முகத்தோடு சொல்வது என் பிழைப்பு. எனக்கு இதெல்லாம் எம்மாத்திரம்? காலையிலேயே நான் சமைத்து ஓவனுக்குள் ஒளித்து வைத்துவிட வேண்டியது. அவர் கூடத்தில் காத்திருக்க, தம்பி அடுப்படியில் கொஞ்ச நேரம் பாத்திரத்தை உருட்ட வேண்டியது. பிறகு கன்னத்தில் கொஞ்சம் மாவைத் தடவிக்கொண்டு தட்டோடு வெளியே வர வேண்டியது. திட்டம் கச்சிதம்.

டெஸ்ட் சார் சொன்ன நேரத்துக்கு முன்னாலேயே வந்தார். கூடத்தில் உட்காரச் சொன்னோம். அவர் சாப்பாட்டு மேசையிலிருந்து ஒரு நாற்காலியைத் தூக்கிக்கொண்டு நேராக அடுப்படிக்குள் போனார். அடுப்புக்குப் பக்கத்தில் போட்டு, முழங்கால் மேல் கைகளை வைத்துக்கொண்டு உட்கார்ந்தார். வண்டியில் உட்காருகிற அதே தோரணை.

"ஆரம்பிங்க."

தம்பி என்னைப் பார்த்தான். நான் ஓவனைப் பார்த்தேன். நல்லவேளையாக ஃபிரிட்ஜில் இன்னொரு கட்டி டோஃபு இருந்தது. அவன் அதைப் பிரித்துத் தட்டில் கவிழ்த்தான். வெள்ளையாக, சதுரமாக, சொட்டச் சொட்ட ஈரமாக இருந்தது. அதைப் பார்த்ததும் அவன் முகத்தில் பயம் போய் வேறு ஏதோ வந்தது. அவன் கைக்கு அது பழகிய சாமான் போலத் தோன்றியிருக்க வேண்டும். ஒரு துணியில் சுற்றினான், மேலே பலகையை வைத்தான். அப்புறம் வாசலுக்கு ஓடிப்போய்ப் பிரிக்காத டைல்ஸ் பெட்டி ஒன்றைத் தூக்கி வந்து அதன் தலையில் ஏற்றினான்! தண்ணீர் மேடையெல்லாம் ஓடியது.

"எதுக்கு இது?" என்றார் டெஸ்ட் சார்.

"ஈரம் இருந்தா ஒட்டாது சார்."

ஒட்டுவதற்கு அங்கே என்ன இருக்கிறது என்று நான் மனதுக்குள் தலையில் அடித்துக்கொண்டேன். அவன் அதோடு விடவில்லை. டேப் வைத்து அளந்து வெட்டினான். துண்டுகள் மேல் சோளமாவைத் தூவினான். வாணலியில் எண்ணெய் காய்ந்ததும் துண்டுக்குத் துண்டு ஒரே இடைவெளி விட்டு வரிசையாக அடுக்கி, கத்திப் பிடியால் ஒவ்வொன்றின் தலையிலும் லேசாகத் தட்டினான். பிறகு கையைக் கட்டிக்கொண்டு நின்றுவிட்டான்.

"ஏன் கிளறல?"

"வச்சப்புறம் அசைக்கக் கூடாது சார். பிடிக்கணும்."

அந்தக் கிறுக்குத்தனம் பலித்தது என்பதுதான் அநியாயம். புரட்டிப் போட்டபோது ஒவ்வொரு துண்டும் பொன்னிறமாக மொறுமொறுவென்று வந்தது. ஆனால் காய்களில் மாட்டிக்கொண்டான். காரட், குடைமிளகாய், பீன்ஸ், இஞ்சி, பூண்டு எல்லாவற்றையும் ஒரேயடியாகக் கொட்டினான். டெஸ்ட் சார் கேள்விமேல் கேள்வி கேட்டார். எண்ணெய் காய்ந்தது எப்படித் தெரியும்? எந்தக் காய் முதலில்? சோயா சாஸ் எப்போது? அவன் திணறினான். பொறுக்க முடியாமல் நானே பதில் சொல்லிவிட்டு நாக்கைக் கடித்துக்கொண்டேன். "பரவாயில்ல, நீங்களே சொல்லுங்க" என்றார். வண்டியில் இப்படி ஒரு நாள் சொல்லியிருந்தால் நான் அழுதிருக்கவே மாட்டேன்.

எல்லாம் முடிந்து எழுந்தவர் மோப்பம் பிடித்தார். ஓவனைத் திறந்தார். என் தட்டை வெளியே எடுத்தார்.

"இது யார் செஞ்சது?"

"பக்கத்து வீட்டுல குடுத்தாங்க" என்றேன், வரவேற்பு மேசைச் சிரிப்போடு.

அதையும் உட்கார்ந்து முழுக்கச் சாப்பிட்டார். "பக்கத்து வீட்டுக்காரங்களுக்கு நல்ல கைப்பக்குவம்" என்றார். பிறகு தம்பியின் பக்கம் திரும்பினார். "ஃபெயில். பூண்டு கருகிடுச்சு. அடுத்த ஞாயித்துக்கிழமை வரேன்."

அந்த வாரம் முழுக்க நான் தம்பியைப் பிழிந்தெடுத்தேன். வேக நேரம் பிடிக்கிற காய் முதலில், இஞ்சி பூண்டு வாசனை வருகிற வரைக்கும்தான், சாஸ் கடைசியில். மறு ஞாயிறு பூண்டு கருகவில்லை. ஆனால் வாணலியை நிறைத்துவிட்டான். "காய் தண்ணி விட்டுடுச்சு. ஃபெயில்." தட்டு மட்டும் காலி. மூன்றாவது ஞாயிறு ஒரு குறையும் சொல்ல முடியாது. காய் நறுக்கென்று இருந்தது, டோஃபு மொறுமொறுவென்று இருந்தது. எனக்கே பொறாமையாக இருந்தது. டெஸ்ட் சார் இரண்டாம் தடவை போட்டுக்கொண்டார். வாயைத் துடைத்துக்கொண்டு சொன்னார்: "ஃபெயில். அடுப்பை அணைச்சப்புறமும் மேல புகை இழுக்கிற ஃபேன் ஓடிட்டிருந்துச்சு."

தம்பி சுவரில் சாய்ந்து அப்படியே சரிந்து தரையில் உட்கார்ந்துவிட்டான். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"சார், கொஞ்சம் நில்லுங்க. பொண்ணு குடுக்க இஷ்டமில்லன்னா நேராச் சொல்லிட்டுப் போங்க. எதுக்கு இப்படி வாரா வாரம் வந்து சாப்பிட்டுட்டு..."

அவர் தட்டைக் கழுவும் தொட்டியில் வைக்கக் கையை நீட்டியிருந்தார். கட்டைவிரலில் பிளாஸ்திரி. மணிக்கட்டில் சின்னச் சின்னச் சிவப்புப் புள்ளிகள். ஆஸ்பத்திரி மேசையில் உட்கார்ந்து உட்கார்ந்து எனக்கு முகத்தைப் பார்ப்பதற்கு முன்னால் கையைப் பார்க்கிற பழக்கம் வந்துவிட்டது. இத்தனை நாள் கோபத்தில் அதைக்கூடப் பார்க்காமல் விட்டிருக்கிறேன்.

"கையில என்ன சார்?"

"ஒண்ணுமில்ல. லேசாப் பட்டுடுச்சு."

"ஈரத்தோட டோஃபுவை எண்ணெயில போட்டீங்களா?"

அவர் சட்டைக் கையை இழுத்து மணிக்கட்டை மூடினார். பிறகு அதே நாற்காலியில் மறுபடியும் உட்கார்ந்தார்.

"போன வருஷமும் ஒரு நல்ல இடம் வந்துச்சும்மா. வேண்டாம்னுட்டா. காரணம் சொல்லல. எனக்குத் தெரியாதா? அவ வர லேட்டானா நான் ரெண்டு பிஸ்கட்டைத் தின்னுட்டுப் படுத்துடுவேன். அவங்க அம்மா இருந்தவரைக்கும் அவங்க. அப்புறம் இவ. நான் அடுப்பையே தொட்டதில்ல. இப்பவும் மனசு சம்மதிச்சாலும், இந்த அப்பனை யார் பாத்துப்பாங்கன்னு எனக்காக நிக்கிறாம்மா அவ." குரல் இறங்கியது. "அவகிட்டயே கத்துக்கலாம்னா, எதுக்குன்னு உடனே கண்டுபிடிச்சுடுவா. வெளியில யார்கிட்டப் போய்க் கேக்கறது? நான் டெஸ்ட் சாராச்சே. உங்க தம்பியைப் பத்தி எனக்கு மொத நாளே திருப்திதான். நான்தான் இன்னும் பாஸாகல."

பாவம் என்று நினைத்தேன். அதற்காக விட்டுவிட முடியுமா?

"எந்திரிங்க சார்" என்றேன்.

"எதுக்கு?"

"நாற்காலி எனக்கு வேணும்."

உட்கார்ந்து முழங்கால் மேல் கைகளை வைத்துக்கொண்டேன். "ஆரம்பிங்க" என்றேன். அந்தச் சுகத்தை நான் மறைக்கப் போவதில்லை. டெஸ்ட் சார் டோஃபுவைத் துணியில் சுற்றினார். தம்பி தரையிலிருந்து எழுந்து டைல்ஸ் பெட்டியைத் தூக்கிக் கொடுத்தான். டோஃபு துண்டுகளை அடுக்கிவிட்டு, கத்திப் பிடியால் ஒவ்வொன்றையும் தட்டினார் அந்த மனிதர். பார்த்ததில் எதையும் அவர் விட்டுவைக்கவில்லை. காய்களும் சரியான வரிசையில் விழுந்தன. கடைசியில் சோயா சாஸை ஊற்றிவிட்டு, மேலே ஒரு கரண்டி உப்பையும் போட்டார். நான் வாயைத் திறக்கவில்லை.

தம்பி முதலில் வாயில் போட்டான். கண்ணில் தண்ணீர் முட்டியது. "பிரமாதம் மாமா!" என்றான்.

"இந்த உப்பை முழுங்கிட்டுப் பிரமாதம்ங்கிறியே, நாளைக்கு என் பொண்ணுகிட்ட என்னென்ன சொல்லுவே நீ?" என்று அவனை முறைத்தார். பிறகு என்னைப் பார்த்தார். உண்மையாகவே காத்திருந்தார்.

"ஃபெயில் சார். சாஸ்லயே உப்பு இருக்கு."

"ஆமா" என்று தலையாட்டினார். முகத்தில் வருத்தமே இல்லை. "சரியாத்தான் சொன்னீங்க. அடுத்த வாரம்..."

"அடுத்த வாரம் இங்க வேண்டாம். உங்க வீட்டுல. உங்க பொண்ணு முன்னாடி."

அடுத்த ஞாயிறு நாங்கள் போனபோது கண்ணாடிக்காரி, அவளை நான் அப்படித்தான் கூப்பிடுவேன், கூடத்தில் உம்மென்று உட்கார்ந்திருந்தாள். அடுப்படிக்குள் வரக் கூடாது என்று அப்பா கதவைச் சாத்திவிட்டாராம். உள்ளே சமைப்பது என் தம்பி என்று நினைத்துக்கொண்டிருந்தவள், அவன் என் பின்னால் நிற்பதைப் பார்த்ததும் திகைத்துப்போனாள்.

"அப்ப உள்ள யாரு?"

உள்ளேயிருந்து டக் டக்கென்று தட்டுகிற சத்தம் கேட்டது. எண்ணெய் சீறியது. ஏதோ கீழே விழுந்தது. என் தம்பி நகத்தைக் கடிக்க ஆரம்பித்தான். அவன் கல்யாணம் அந்த வாணலியில் கிடந்தது.

கதவு திறந்தது. டெஸ்ட் சார் பெரிய கிண்ணத்தை ஏந்திக்கொண்டு வந்து மேசையில் வைத்தார். நெற்றியெல்லாம் வியர்வை. டோஃபுவில் இரண்டு மூன்று துண்டுகள் உடைந்திருந்தன. காரட் ஒவ்வொன்றும் ஒரு தினுசு. அவர் கையைத் துடைத்துக்கொண்டு நேராக நின்றார். லைசென்ஸுக்கு வந்தவர்கள் அவர் முன்னால் அப்படித்தான் நிற்பார்கள்.

அவள் ஒரு துண்டு எடுத்துச் சாப்பிட்டாள். இன்னொன்று எடுத்தாள். அப்பாவின் மணிக்கட்டைப் பார்த்தாள். பிளாஸ்திரியைப் பார்த்தாள்.

"வாங்கி வைக்கிற டோஃபுவெல்லாம் எங்க போகுதுன்னு பாத்தேன்" என்றாள். சொல்லும்போதே குரல் உடைந்துவிட்டது. கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்தாள். "அப்ப நான் போயிடலாம்னு சொல்றீங்களாப்பா?"

"மொதல்ல எப்படி இருக்குன்னு சொல்லு."

"உப்பு சரியா இருக்குப்பா."

"அப்படின்னா போகலாம்மா."

என் தம்பி என் காதருகே குனிந்து, "அக்கா, தேதி கேக்கவா?" என்றான். அவன் காலை நன்றாக ஒரு மிதி மிதித்தேன்.

டெஸ்ட் சார் மேசைக்கு முன்னால் வந்து உட்கார்ந்தார். அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டே வழக்கம்போல அவர் தட்டை இழுத்து, பரிமாறக் கரண்டியை எடுத்தாள்.

"நீ போடாதே. நானே போட்டுக்கறேன்" என்று கையை நீட்டினார்.

அவள் கரண்டியைக் கொஞ்ச நேரம் கொடுக்காமல் வைத்திருந்தாள். பிறகு கொடுத்தாள்.