மெழுகுவர்த்தி வியாபாரியின் கட்டைவிரல்

அரசர் மலைநாட்டுப் பாவாடை கட்டி எடின்பரோவுக்கு வந்துபோன மறுவருடம், முழங்கால் காட்டாத கனவானே ஊரில் இல்லை. வடக்கு மலைநாட்டார் ஊர்மேல் படையெடுத்து வந்தபோது வெள்ளிக் கரண்டிகளைக் கிணற்றில் போட்டுவிட்டுக் கட்டிலுக்கடியில் ஒளிந்தவர்களின் பேரப்பிள்ளைகளெல்லாம், இப்போது அதே மலைநாட்டாரின் கட்டம்போட்ட பாவாடையும் இடுப்பில் குத்துவாளுமாகத் திரிந்தார்கள். மெழுகுவர்த்தி வியாபாரி மங்கோ டால்கிளிஷ், நகரசபை உறுப்பினர் ஆன கையோடு, அந்தக் கோலத்தில் தன்னை வரையச் சொல்லி கிரிசல் லம்ஸ்டனிடம் வந்து நின்றார். தொப்பியில் மூன்று கழுகு இறகுகள். மூன்று என்றால் குலத்தலைவர் என்று அர்த்தம். இவர் குலம் மூன்று தலைமுறையாக மெழுகுவர்த்திக்கு ஆட்டுக்கொழுப்புக் காய்ச்சிக்கொண்டிருந்தது.

கிரிசல், லீத் துறைமுகத்தில் கப்பல் முகப்பு மரப்பொம்மைகளுக்கு வண்ணம் பூசியவரின் மகள். மரமுகங்களோடு வளர்ந்ததாலோ என்னவோ, மனித முகம் மரமாகும் நொடி அவளுக்குத் தப்பாது. பென்சில் கோடு போடமாட்டாள். உட்காருபவருக்குப் பக்கத்திலேயே ஓவியச்சீலையை நிறுத்தி, பத்தடி பின்னால் போய்ப் பார்ப்பாள். பார்த்தது கலையுமுன் ஓடிவந்து ஒரு தீற்று. பிடிக்கவில்லை என்றால் கண்ணெதிரிலேயே கத்தியால் சுரண்டிவிடுவதாக எல்லோருக்கும் வாக்குக் கொடுப்பாள். இருபது வருடத்தில் ஒருமுறைகூடச் சுரண்ட நேரவில்லை.

டால்கிளிஷ் மூன்று நாள் கப்பல் பொம்மையாக நின்றார். குளிரில் நடுங்கிய முழங்கால்களில் மட்டுமே உயிர் இருந்தது. நாலாம் நாள், பாவாடை குட்டை என்று அவர் மனைவி சொன்னதால் தையற்காரர் அதை வாங்கிப் போயிருந்தார். பழுப்புக் கோட்டோடு கணப்பருகில் உட்கார்ந்தவரின் பேச்சு, எப்படியோ ஆட்டுக்கொழுப்பில் போய் நின்றது. நல்ல கொழுப்பை மூக்கு சொல்லாது, விரல்தான் சொல்லும் என்று, கண்ணைப் பாதி மூடிக் கட்டைவிரலையும் சுட்டுவிரலையும் தேய்த்துக் காட்டினார். கிரிசல் புதுச் சீலையை எடுத்து, மதியம்வரை முன்னும் பின்னுமாக ஓடினாள். முடித்தபோது கால் வலித்தது. இதைவிட நல்ல படம் இனித் தன் கையால் வராது என்பது அவளுக்குத் தெரிந்தது.

படத்தைப் பார்க்க டால்கிளிஷ், தன் மனைவி யூஃபீமியாவோடு வந்தார். பார்த்ததும் அவர் முகம் காதுவரை சிவந்தது.

"நகரசபை மண்டபத்துல மாட்டப்போற படம் லம்ஸ்டன் அம்மா இது. அங்க எட்டு பேரு தொங்குறாங்க. ஒருத்தர் விரல்லயும் கொழுப்பு இல்ல. சுரண்டிடுங்க."

வாக்கு வாக்குதான். கிரிசல் கத்தியை எடுத்தாள்.

"எங்கேருந்து ஆரம்பிக்கட்டும் ஐயா?"

"கையிலேருந்து."

கத்தி கட்டைவிரலைத் தொடுமுன் யூஃபீமியா குறுக்கே வந்து நின்றாள்.

"இந்த மனுஷனைத்தான் நான் கட்டிக்கிட்டேன். இறகு வச்ச ஆளு யாருன்னு எனக்குத் தெரியாது. அந்த இறகுக்காரருதான் வேணும்னா, அவரு மண்டபத்துலயே தங்கிக்கட்டும். கஞ்சியும் அங்கயே குடிச்சுக்கட்டும்."

டால்கிளிஷ் நெடுநேரம் படத்தைப் பார்த்தார். அவர் விரல்கள் தாமாகவே தேய்க்க ஆரம்பித்தன. கிரிசல் கவனிப்பதைப் பார்த்து, கையைப் பைக்குள் ஒளித்துக்கொண்டார்.

"மூலையில ஒரு இறகாவது?"

"இல்லீங்க ஐயா."

"சின்னதா?"

கிரிசல் கத்தியைத் துடைத்து வைத்தாள்.

மண்டபத்தில் மற்ற எட்டுப் பேருக்கும் கீழே பித்தளைத் தகட்டில் பெயர் உண்டு. இல்லாவிட்டால் அவர்கள் வீட்டாருக்கே அடையாளம் தெரியாது. ஒன்பதாவது படத்துக்குத் தகடு வைக்க மறந்துவிட்டார்கள். தரை துடைக்கும் பெண்மணி மட்டும் தினமும் அதன்முன் நின்று, போன வாரம் அவர் கடையில் வாங்கிய மெழுகுவர்த்தி புகைகிறது என்று திட்டிவிட்டுப் போகிறாள்.