கத்தரிக்கு அகப்படாதவர்

1.

உள்ளதைச் சொல்லிவிடுகிறேன்: இந்தக் கதை காய்ச்சலில் பிறந்தது. போர்வைக்குள் கிடந்தபடி தொலைக்காட்சியில் ஒரு பழைய கறுப்பு வெள்ளைப் படம் பார்த்தேன். ஒரு டாக்டர் வருகிறார், கதாநாயகன் கையில் மருந்துச் சீட்டைத் திணிக்கிறார், போய்விடுகிறார். மறுநாள் வேறு படம். அதே ஆள், இப்போது போலீஸ்காரர். கொடுத்தது ஒரு சாவி. மூன்றாம் நாள் வக்கீல், ஒரு குடை. காய்ச்சல் விட்டது, கேள்வி விடவில்லை. இவர் ஏன் எதையாவது கொடுத்துக்கொண்டே இருக்கிறார்?

(விடை எனக்குத் தெரியாது. கீழே வருவது நானாகக் கட்டியது.)

2.

அவர் பிறந்த வீட்டின் பின்பக்கத்தில் ஒரு

வேண்டாம். பிறந்த நாள் எதற்கு? வெட்டப்பட்ட நாளிலிருந்து தொடங்குவோம்.

அவர் நடித்த முதல் படம், நான் பார்த்ததற்கும் முந்தியது. டாக்டர் வேடம். மனைவியையும் மைத்துனனையும் மதியக் காட்சிக்கு அழைத்துப்போயிருந்தார். கதாநாயகன் மருத்துவமனைக் கதவைத் திறந்தான். அடுத்த கணம் தெருவில் நடந்துகொண்டிருந்தான்.

"அத்தான், நீங்க எப்போ வருவீங்க?" என்றான் மைத்துனன்.

"வந்துட்டுப் போயிட்டேன்."

மனைவி சிரிக்கவில்லை. "மூணு நாள் விடியறதுக்கு முன்னாடியே எழுந்து ஓடினீங்களே, அதெல்லாம் எங்க?"

அதைக் கேட்டுவரத்தான் மறுநாள் எடிட்டிங் அறைக்குப் போனார்.

3.

(எடிட்டரை முதலில் ஆணாக எழுதினேன். மனுஷன் வாயே திறக்கவில்லை. பெண்ணாக்கியதும் பேச்சு கடகடவென்று வந்துவிட்டது.)

கழுத்தில் பிலிம் துண்டுகளைத் தொங்கவிட்டிருந்த அந்த அம்மா, ஒன்றை விளக்குக்கு நேரே பிடித்தார்.

"இங்க பாருங்க சார். நீங்க பேசி முடிச்சு சும்மா நிக்கறீங்க. ஹீரோவும் சும்மா நிக்கறார். படம் நீளம்னு சொன்னா, அந்தச் சும்மாவுலதான் என் கத்தரி இறங்கும்."

"சும்மா நிக்கலேன்னா?"

"அவர் கையில எதையாவது குடுத்துடுங்க. அதோட அவர் அடுத்த சீனுக்குப் போயிட்டா, இது எங்கேருந்து வந்துச்சுன்னு ஜனங்க கேப்பாங்க. உங்களை விட்டுவைக்கறதைத் தவிர வேற வழியில்ல. நான் சொன்னேன்னு சொல்லிடாதீங்க!"

இதில் ஒரு சிக்கல் உண்டு, பொறுமையாகக் கேளுங்கள். படங்களை வரிசைப்படி எடுப்பதில்லை. கதாநாயகன் வெறுங்கையோடு வரும் அடுத்த காட்சியை முன்பே எடுத்து முடித்திருந்தால், கொடுத்த பொருளே அவரை வெட்டவைத்துவிடும். ஒருமுறை கைத்தடியைக் கொடுத்து அப்படித்தான் காணாமல் போனார். அதற்கப்புறம் தினமும் உதவி இயக்குநரின் நோட்டைப் புரட்டி, எது முடிந்தது, எது பாக்கி என்று பார்த்துவிட்டுத்தான் மேக்கப்புக்கே உட்கார்வார். இருபது வருடம் அவரை யாராலும் வெட்ட முடியவில்லை.

4.

பிறகு அந்த வேடம் வந்தது. தகப்பன். அவர் மகன்மேல் வண்டியை ஏற்றிய கதாநாயகன் வாசலில் நின்று மன்னிப்புக் கேட்கிறான். அடுத்த காட்சி இன்னும் எடுக்கவில்லை, நோட்டைப் பார்த்தாயிற்று. சட்டைப் பையில் மகனின் மூக்குக்கண்ணாடி தயாராக இருந்தது.

"இதை அவர் கையில குடுத்துடறேனே?"

இயக்குநர் வயதில் சின்னவர். "குடுத்தா மன்னிச்சுட்ட மாதிரி ஆயிடும்ணே. ஒண்ணும் பேசாம ஒரு நிமிஷம் சும்மா நில்லுங்க."

"சும்மா நின்னா வெட்டிருவாங்க தம்பி."

"வெட்டலாம். அது என் கையில இல்ல."

இந்த இடத்தில் நான் மூன்று நாள் முட்டிக்கொண்டு நின்றேன். கொடுக்கவைத்தேன். எழுதியதை அடித்தேன். மறுபடி கொடுக்க

இல்லை. அவர் கண்ணாடியை எடுத்து உதவி இயக்குநரின் நோட்டின்மேல் வைத்தார். "எங்கிட்ட இருந்தா குடுத்துடுவேன்" என்றார். வாசலுக்குப் போனார். இரண்டு கையும் காலியாக, ஒரு முழு நிமிடம், மன்னிக்காமல் நின்றார்.

5.

காட்சி படத்தில் தங்கியதா? தங்கியதாக எழுதினேன், அரங்கமே அழுதது, எனக்கே கொஞ்சம் கூச்சமாகிவிட்டது. வெட்டியதாக எழுதினேன், மனைவி எழுந்து வெளியே போய்விட்டார், அவரைத் திரும்பக் கூப்பிட எனக்கு மனம் வரவில்லை. இரண்டில் எதை வைத்துக்கொள்வது என்பதை உங்களிடமே விட்டுவிடுகிறேன்.

ஆனால் ஒன்றில் நீங்களும் கைவைக்க முடியாது. படம் வெளியான மறுநாள் காலை ஆறு மணிக்கு அவர் தொலைக்காட்சி நிலையத்தில் கண்ணாடி முன்னால் மீசை ஒட்டிக்கொண்டிருந்தார். தபால்காரர் வேடம். மூன்றே வசனம். நான்காவதை எங்கே செருகலாம் என்று வாய்க்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டிருந்தார்.